பாம்பை எடுத்த போதகர்: ஜேமி கூட்ஸ் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நேஷனல் ஜியாகிரபிக் தொலைக்காட்சியில் 2013-ஆம் ஆண்டு வந்த ‘ஸ்னேக் சால்வேஷன்’ என்ற ஆவணத் தொடரின் துண்டுக் காட்சிகள் இன்றும் கைபேசிக்குக் கைபேசி சுற்றிக்கொண்டிருக்கின்றன. கிதாரும் தாளமும் முழங்கும் ஒரு சிறிய ஆலயத்தில், தடித்த உடல்வாகு கொண்ட ஒரு போதகர் நச்சுப் பாம்பைக் கையில் ஏந்தி ஆடுகிறார். சபையில் வாலிபர்களுக்கு வேதபாடம் எடுக்கிறவன் என்பதால் உறவினர்களும் நண்பர்களும் அந்தக் காட்சியை எனக்கு அனுப்பி ஒரே சந்தேகங்களைத்தான் மாறி மாறிக் கேட்கிறார்கள். அவற்றைக் கேட்டவர்களின் வாய்ச்சொல்லிலேயே இங்கே தொகுத்து, எனக்குத் தெரிந்த பதில்களை எழுதியிருக்கிறேன்.

இந்த வீடியோவில் பாம்போடு ஆடுகிற பாஸ்டர் யார்? இப்போது உயிரோடு இருக்கிறாரா?

அவர் பெயர் ஜேமி கூட்ஸ். அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில் மிடில்ஸ்பரோ என்ற சிறு நகரத்தில் ‘இயேசு நாமத்தில் முழு சுவிசேஷக் கூடாரம்’ என்று பொருள்படும் பெயருடைய ஒரு சபையை நடத்திவந்தார். அந்தச் சபையை 1978-இல் தொடங்கியவர் அவருடைய தாத்தா. கூட்ஸ் நடுவில் வந்து சேர்ந்தவர் அல்லர். பாம்பு எடுக்கும் வழக்கத்துக்குள்ளேயே பிறந்து வளர்ந்தவர்.

அவர் இப்போது உயிரோடு இல்லை. தொடர் ஒளிபரப்பாகத் தொடங்கி ஆறு மாதம்கூட நிறைவடையாத நிலையில், 2014 பிப்ரவரி 15, சனிக்கிழமை இரவு, தம் ஆலயத்திலேயே கிலுகிலுப்பைப் பாம்பு வலது கையில் கடித்து அவர் இறந்தார். அந்த இரவைப் பற்றிக் கீழே தனியாக எழுதியிருக்கிறேன்.

இது அமெரிக்காவில் எல்லா இடத்திலும் நடப்பதா?

இல்லை. அப்பலாச்சியா என்று அழைக்கப்படும் மலைத்தொடரை ஒட்டிய பகுதிகளில், அதாவது கென்டக்கி, டென்னசி, மேற்கு வர்ஜீனியா, அலபாமா, ஜார்ஜியா போன்ற மாநிலங்களின் மலைக்கிராமங்களிலும் சிற்றூர்களிலும்தான் இந்தச் சபைகள் இருக்கின்றன. நிலக்கரிச் சுரங்கங்களை நம்பி வாழ்ந்த ஊர்கள் அவற்றில் பல. வேலை தேடி வடக்கே தொழில் நகரங்களுக்குப் போன மலைவாசிகள் சில இடங்களுக்கு இதைத் தங்களோடு எடுத்துச் சென்றதும் உண்டு. நகரத்தில் வாழும் சராசரி அமெரிக்கருக்கு இந்தக் காட்சி நமக்கு எவ்வளவு விசித்திரமோ அவ்வளவு விசித்திரமாகத்தான் இருக்கும்.

பைபிளில் பாம்பைப் பிடிக்கச் சொல்லி எங்கே எழுதியிருக்கிறது?

மாற்கு சுவிசேஷத்தின் 16-ஆம் அதிகாரம், 17, 18-ஆம் வசனங்கள். உயிர்த்தெழுந்த இயேசு சீடர்களிடம் பேசும் இடம் அது. நம் தமிழ் வேதாகமத்தில் அது இப்படி இருக்கிறது: “விசுவாசிக்கிறவர்களால் நடக்கும் அடையாளங்களாவன: என் நாமத்தினாலே பிசாசுகளைத் துரத்துவார்கள், நவமான பாஷைகளைப் பேசுவார்கள், சர்ப்பங்களை எடுப்பார்கள், சாவுக்கேதுவான யாதொன்றைக் குடித்தாலும் அது அவர்களைச் சேதப்படுத்தாது, வியாதியஸ்தர்மேல் கைகளை வைப்பார்கள், அப்பொழுது அவர்கள் சொஸ்தமாவார்கள்.”

இதில் ஐந்து அடையாளங்கள் இருக்கின்றன. உலகெங்கும் உள்ள பெந்தெகொஸ்தே சபைகள் முதல் இரண்டையும் கடைசி ஒன்றையும் எடுத்துக்கொண்டு, நடுவிலுள்ள இரண்டை மெல்லத் தாண்டிப் போய்விடுகின்றன. கூட்ஸ் போன்றவர்கள் கேட்பது மிக எளிமையான கேள்வி: ஒரே வாக்கியத்தில் இருக்கும் ஐந்தில் மூன்று மட்டும் எப்படி உங்களுக்குச் செல்லுபடியாகிறது? அவர்களோடு நான் உடன்படவில்லை. ஆனால் இந்தக் கேள்விக்கு உடனடியாகப் பதில் சொல்லிவிட்ட போதகர் ஒருவரையும் நான் பார்த்ததில்லை.

மொழியைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். அவர்கள் கையில் இருப்பது 1611-ஆம் ஆண்டின் கிங் ஜேம்ஸ் ஆங்கில மொழிபெயர்ப்பு. அதில் இந்த வினைச்சொல்லோடு வரும் துணைவினை, ‘எடுக்கக்கடவர்கள்’ என்று கட்டளையாகவும் காதில் விழக்கூடியது. தமிழில் ‘எடுப்பார்கள்’ என்று வெறும் எதிர்காலமாக இருப்பதால், நமக்கு அது நடக்கப்போவதைச் சொல்லும் வாக்காகவே கேட்கிறது.

இது ஒருவகை நாக வழிபாடுதானே? நம்ம ஊர் புற்றுக்குப் பால் ஊற்றுவது மாதிரி?

அல்ல. நாக வழிபாட்டில் பாம்பு வணக்கத்துக்குரியது. இங்கே அது சாத்தானின் உரு. ஏதேன் தோட்டத்தில் ஏவாளை வஞ்சித்தது. அதைக் கையில் எடுப்பது சத்துருவின்மேல் தங்களுக்குக் கொடுக்கப்பட்ட அதிகாரத்தைக் காட்டும் செயல் என்பதே அவர்களுடைய எண்ணம். ‘சர்ப்பங்களையும் தேள்களையும் மிதிக்கவும்’ அதிகாரம் கொடுக்கிறேன் என்று லூக்கா 10:19-இல் வரும் வசனத்தையும் இதற்குத் துணையாகச் சொல்வார்கள்.

இதை முதலில் ஆரம்பித்தது யார்?

ஜார்ஜ் வென்ட் ஹென்ஸ்லி என்பவர்தான் இதைப் பரப்பியவராகச் சொல்லப்படுகிறார். எழுதப் படிக்கத் தெரியாதவர். பிறர் வாசிக்கக் கேட்டே வேதத்தை மனப்பாடமாக வைத்திருந்தவர். 1910-ஐ ஒட்டிய ஆண்டுகளில், டென்னசியில் ஊல்ட்டவா என்ற ஊருக்கு அருகிலுள்ள வெள்ளை ஓக் மலைக்கு ஏறி, மேலே சொன்ன வசனத்தின் பொருள் என்ன என்று ஜெபித்துக்கொண்டிருந்தபோது அங்கே ஒரு கிலுகிலுப்பைப் பாம்பைக் கண்டு கையில் எடுத்தார் என்பது அவர்கள் வழிவழியாகச் சொல்லும் கதை. லாஸ் ஏஞ்சலஸ் நகரின் அசூசா தெருவில் 1906-இல் பற்றிய பெந்தெகொஸ்தே எழுப்புதலின் சூடு அப்போது ஆறியிருக்கவில்லை என்பதையும் சேர்த்து நினைத்துக்கொள்ள வேண்டும். அந்நிய பாஷை பேசுவது, அதாவது ஆவியின் ஏவுதலால் தான் கற்காத மொழியில் பேசுவது, மீண்டும் வந்துவிட்டதென்றால் மற்ற அடையாளங்களும் ஏன் வரக்கூடாது என்று கேட்கிற காலம் அது.

டென்னசியின் கிளீவ்லாந்து நகரைத் தலைமையிடமாகக் கொண்ட ‘சர்ச் ஆஃப் காட்’ என்ற பெந்தெகொஸ்தே பிரிவு தொடக்கத்தில் ஹென்ஸ்லிக்கு இடம் கொடுத்தது. 1928-க்குள் இந்த வழக்கத்தை வெளிப்படையாகக் கைவிட்டுவிட்டது. ஹென்ஸ்லியின் சொந்த வாழ்க்கை புனிதர்களின் வரலாறு போன்றதன்று. நான்கு திருமணங்கள், 1923-இல் கள்ளச் சாராயம் காய்ச்சியதற்குத் தண்டனை, தண்டனையிடத்திலிருந்து ஓட்டம் என்று எல்லாம் அதில் உண்டு. 1955 ஜூலையில் ஃபுளோரிடாவின் ஆல்தா என்ற ஊரில் கூட்டம் நடத்தும்போது பாம்பு கடித்து, சிகிச்சையை மறுத்து, மறுநாள் இறந்தார்.

ஆராதனைக்குப் போகிற எல்லாரும் பாம்பை எடுத்தே ஆக வேண்டுமா?

வேண்டியதில்லை. இது பலருக்கும் தெரியாத விஷயம். பிரசங்க மேடையைச் சுற்றியுள்ள இடத்தில்தான் பாம்பு எடுக்கப்படும். பின்வரிசைகளில் அமர்ந்திருக்கும் பெரும்பாலோர் பாடுவதும் ஜெபிப்பதுமாக இருப்பார்கள். வருடக்கணக்காக வந்தும் ஒருமுறைகூட எடுக்காதவர்கள் உண்டு. அவர்களை யாரும் குறைவாகப் பேசுவதில்லை.

பாம்பு எடுக்கிறவர் ‘அபிஷேகம்’ வந்த பிறகே எடுக்க வேண்டும் என்பது பொது வழக்கம். ஆவியானவர் தம்மேல் இறங்குவதை உடலில் உணர்கிறோம் என்கிறார்கள். கை மரத்துப்போவது, உள்ளே ஒரு குளிர் பரவுவது, அச்சம் முழுவதும் அகன்றுபோவது என்று ஆளுக்கு ஒரு விதமாக அதை விவரிக்கிறார்கள். அது வராமலே வசனத்தின்மேல் உள்ள விசுவாசத்தினால் மட்டும் எடுக்கலாம் என்று வாதிடுகிறவர்களும் அவர்களுக்குள்ளேயே இருக்கிறார்கள். மற்றபடி, ஆராதனையின் நேரத்தில் பெரும்பகுதி பாட்டு, சாட்சி, ஜெபம், பிரசங்கம் ஆகியவற்றில்தான் கழிகிறது. வலைக்கம்பி மூடியிட்ட மரப்பெட்டிகளில் பாம்புகள் மேடையருகே இருக்கும். சில நாட்களில் அந்தப் பெட்டிகள் திறக்கப்படாமலே கூட்டம் முடிந்துவிடுவதும் உண்டு. ஆவணப்படங்களில் அந்த நாட்கள் இடம்பெறுவதில்லை.

விஷமும் குடிப்பார்களாமே, உண்மையா?

உண்மைதான். எட்டிக்கொட்டையில் இருக்கும் ஸ்டிரிக்னின் என்ற நஞ்சைத் தண்ணீரில் கலந்து கண்ணாடிக் குடுவையில் மேடையில் வைத்திருப்பார்கள். ஆனால் பாம்பு எடுப்பவர்களை விட இதைக் குடிப்பவர்கள் மிகக் குறைவு. காரணமும் வசனத்திலேயே இருக்கிறது: பாம்பைப் பற்றி ‘எடுப்பார்கள்’ என்றும், நஞ்சைப் பற்றி ‘குடித்தாலும்’ என்றும்தான் எழுதியிருக்கிறது. அவர்கள் வாசிக்கும் ஆங்கிலத்திலும் அது ‘குடித்தால்’ என்ற நிபந்தனைதான் என்பதால் கடமையாகாது என்று அவர்களே இலக்கணம் பார்த்து விளக்கம் சொல்கிறார்கள்.

பல்லைப் பிடுங்கிய பாம்பாகத்தான் இருக்கும். பாம்பாட்டிகள் செய்கிற வேலைதானே?

எனக்கு அதிகம் வந்த கேள்வி இதுதான். ஏமாற்று வேலையாக இருந்திருந்தால் ஜேமி கூட்ஸ் இறந்திருக்க மாட்டார். இந்த வழக்கம் தொடங்கியதிலிருந்து இன்றுவரை நூறை ஒட்டிய எண்ணிக்கையில் மக்கள் ஆராதனையில் பாம்பு கடித்து இறந்திருப்பதாக ஆய்வாளர்கள் மதிப்பிடுகிறார்கள். கடிபட்டுப் பிழைத்தவர்களில் பலருக்கு வளைந்த விரல்களும் சூம்பிய கைகளும் இருக்கின்றன. கூட்ஸே 1998-இல் கடிபட்டு ஒரு விரலின் ஒரு பகுதியை இழந்தவர். தொடரில் அந்தக் கையைத் தெளிவாகப் பார்க்கலாம்.

பாம்புகள் அந்த மலைக்காடுகளிலேயே பிடிபட்டவை அல்லது பாம்பு விற்பவர்களிடம் வாங்கப்பட்டவை. பெரும்பாலும் வாலை ஆட்டி ஒலியெழுப்பும் கிலுகிலுப்பைப் பாம்பும், செம்பு நிறத் தலையுடைய காப்பர்ஹெட்டும்தான். இரண்டும் குழிவிரியன் வகை.

அப்படியானால் பெரும்பாலான நேரம் ஏன் கடிப்பதில்லை? அற்புதமா?

விசுவாசிகளின் பதில் உங்களுக்குத் தெரியும். ஊர்வன ஆய்வாளர்களின் பதில் வேறு. பொதுவாகவே கிலுகிலுப்பைப் பாம்பு எடுத்த எடுப்பில் கடிக்கும் பிராணி அன்று. ஒளிந்துகொள்வதும், ஒலியெழுப்பி எச்சரிப்பதும்தான் அதன் முதல் தற்காப்பு. பெட்டியில் அடைபட்டு, அடிக்கடி கையாளப்பட்டு, சரியாகத் தண்ணீரும் இரையும் இல்லாத பாம்பு இன்னும் சோர்ந்துபோகிறது. கென்டக்கியில் நச்சுப் பாம்புகளை வளர்த்து நஞ்சு எடுக்கும் ஊர்வனக் காட்சியகம் ஒன்று இருக்கிறது. இத்தகைய சபைகளிலிருந்து வந்த பாம்புகள் மெலிந்தும் நீர் வற்றியும் இருந்ததையும், அவை சில மாதங்களுக்கு மேல் உயிரோடு இருப்பதில்லை என்பதையும் அங்குள்ளவர்கள் 2013-இல் வெளிப்படையாகச் சொன்னார்கள். நன்றாகப் பராமரிக்கப்படும் அதே வகைப் பாம்பு பல ஆண்டுகள் வாழும்.

இதற்கு மேல், குழிவிரியன் கடித்தாலும் ஏறத்தாழ நான்கில் ஒரு கடியில் நஞ்சு இறங்குவதே இல்லை என்பது மருத்துவர்களின் கணக்கு. ஆக, ஒருவர் இருபது வருடம் பாம்பு எடுத்துப் பிழைத்திருப்பதற்கு இயற்கையான விளக்கம் போதுமானதாகவே இருக்கிறது. ஆனாலும் இதைச் சொல்லி ஒரு விசுவாசியை மடக்கிவிடலாம் என்று நினைக்கிறவர்கள் கீழே ஆஸ்பத்திரியைப் பற்றியும் வசனம் பொய்யா என்பதைப் பற்றியும் வரும் பதில்களை வாசிக்க வேண்டும்.

பலமுறை கடிபட்டால் உடம்பில் எதிர்ப்புச் சக்தி வந்துவிடாதா?

அதை நம்பியிருக்க முடியாது, நிலைமை மோசமாகவும் கூடும். நஞ்சு ஒரு புரதக் கலவை. திரும்பத் திரும்ப அது உடலுக்குள் போனவருக்கு ஒவ்வாமை உருவாகி, அடுத்த கடியில் இரத்த அழுத்தம் சட்டென்று விழுந்து மூச்சு அடைத்துப்போகும் ஆபத்து உண்டு. நஞ்சு தன் வேலையைச் செய்ய மணிக்கணக்கு எடுத்துக்கொள்ளும். ஒவ்வாமைக்கு நிமிடங்கள் போதும். வழக்கமாகக் கிலுகிலுப்பைப் பாம்பின் நஞ்சு தசையை அழித்து, இரத்தம் உறைவதைக் குலைத்து, கடிபட்ட இடத்தைப் பயங்கரமாக வீங்கச் செய்யும்.

இந்த இடத்தில் ஒரு நண்பர் நம் ஊர் நச்சுமுறிவு மருந்து அங்கே பயன்படுமா என்று கேட்டார். பயன்படாது. சென்னைக்கு அருகே வடநெம்மேலியில் இருளர் கூட்டுறவுச் சங்கத்தார் எடுத்துக் கொடுக்கும் நஞ்சைக் கொண்டு செய்யப்படும் நம் மருந்து நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்குக்கும் உரியது. அமெரிக்கக் குழிவிரியன்களுக்கென்று தனி மருந்து அங்கே இருக்கிறது. அது கூட்ஸுக்கும் கிடைத்திருக்கும்.

மருந்து இருந்தும் ஏன் ஆஸ்பத்திரிக்குப் போகவில்லை?

அந்த இரவில் நடந்தது இதுதான். கடிபட்ட பிறகு கூட்ஸ் வீட்டுக்குப் போய்விட்டார். இரவு எட்டரை மணி அளவில் ஆலயத்துக்கு அழைக்கப்பட்ட அவசர மருத்துவ ஊழியர்கள் அவரைத் தேடி வீட்டுக்கு வந்தார்கள். சிகிச்சை வேண்டாம் என்று மறுக்கப்பட்டதால் திரும்பிப் போனார்கள். பத்து மணியை ஒட்டி மீண்டும் வந்தபோது அவர் இறந்திருந்தார். வயது வந்த ஒருவர் சிகிச்சையை மறுப்பது அங்கே சட்டப்படி அவருடைய உரிமை.

மறுத்ததன் காரணத்தை அவர் முன்பே பலமுறை சொல்லியிருந்தார். வசனத்தை நம்பிப் பாம்பை எடுத்தவர், கடித்தவுடன் மருத்துவரிடம் ஓடினால், எடுத்தது வீண் என்று ஆகிவிடும் என்பது அவருடைய நிலை. ஆனால் இதைப் பாம்பு எடுக்கும் எல்லாருடைய கொள்கையாகவும் எடுத்துக்கொள்ளக் கூடாது. மருத்துவமனைக்குப் போவது அவரவர் விசுவாசத்தைப் பொறுத்தது என்று விட்டுவிடுகிற சபைகள் பல. காய்ச்சலுக்கும் எலும்பு முறிவுக்கும் மருத்துவரிடம் போகிறவர் பாம்புக்கடிக்கு மட்டும் போகாமலிருப்பதும் உண்டு.

பாம்பு கடித்துவிட்டதே! அப்போது வசனம் பொய்யா, அவருடைய விசுவாசம் பொய்யா?

வெளியில் இருக்கிற நாம் இதை மடக்கும் கேள்வியாக நினைத்துக் கேட்கிறோம். அவர்களுக்கு இது பழைய கேள்வி. ‘சர்ப்பங்களை எடுப்பார்கள்’ என்றுதான் வசனம் சொல்கிறது; ‘அவை கடிக்காது’ என்று சொல்லவில்லை என்பது அவர்கள் பதில். சேதப்படுத்தாது என்ற சொல் நஞ்சைக் குடிப்பதோடு சேர்ந்து வருகிறதே தவிர, பாம்போடு சேர்ந்து வரவில்லை. நான் இதை முதன்முறை கேட்டபோது வேதாகமத்தைத் திறந்து பார்த்தேன், சரியாகத்தான் இருந்தது.

அவர்கள் பாம்பை எடுப்பது தங்களுக்குச் சாவு வராது என்று நிரூபிப்பதற்காக அன்று. சொல்லப்பட்டதைச் செய்ய வேண்டும் என்பதற்காக. செய்வது மனிதனின் பங்கு, முடிவு தேவனுடையது. ஒருவர் இறந்தால் அவருடைய வேளை வந்துவிட்டது என்பார்கள். அபிஷேகம் விலகியபின் எடுத்துவிட்டார் என்று சொல்கிறவர்களும் உண்டு. காரணம் தேட வேண்டாம் என்று அமைதியாக இருப்பவர்களும் உண்டு. இந்த விளக்கங்களை எந்த நிகழ்ச்சியாலும் பொய்யாக்க முடியாது என்பதுதான் எனக்குள்ள சிக்கல். கடிக்காவிட்டால் வெற்றி, கடித்துப் பிழைத்தால் சாட்சி, இறந்தால் கீழ்ப்படிதல் என்று ஆகிவிடும்போது, தவறு என்று ஒன்று நேர்வதற்கு அங்கே இடமே இல்லாமல் போகிறது.

மாற்கு 16-இன் அந்தப் பகுதி பழைய பிரதிகளிலேயே இல்லையாமே?

ஆம். நான்காம் நூற்றாண்டைச் சேர்ந்த சினாய், வத்திக்கான் ஆகிய இரண்டு முக்கியமான கிரேக்கப் பிரதிகளில் மாற்கு சுவிசேஷம் 16:8-உடன் முடிந்துவிடுகிறது. 9 முதல் 20 வரையிலான வசனங்கள் பின்னால் சேர்க்கப்பட்டவை என்பது பெரும்பாலான வேத ஆய்வாளர்களின் முடிவு. பல புதிய மொழிபெயர்ப்புகள் அந்த வசனங்களை அடைப்புக்குள் போடுகின்றன.

ஆனால் கூட்ஸின் சபையில் இந்த வாதம் எடுபடாது; கிங் ஜேம்ஸ் மொழிபெயர்ப்பில் இருப்பது முழுவதும் தேவவசனம் என்பது அங்கே விவாதத்துக்கு அப்பாற்பட்டது. மேலும் இந்த வாதத்தை வைத்து அவர்களைத் தாக்க விரும்பும் பெந்தெகொஸ்தேக்காரர் ஒன்றை யோசிக்க வேண்டும்: பாம்பு அடிபட்டுப் போகும்போது அதே வாக்கியத்தில் இருக்கும் ‘நவமான பாஷைகளும்’ கூடவே அடிபட்டுப் போகும். பாஷைகளுக்கு வேறு ஆதாரம் உண்டு என்பது தனி விஷயம். ‘உன் தேவனாகிய கர்த்தரைப் பரீட்சை பாராதிருப்பாயாக’ என்று மத்தேயு 4:7-இல் வருவதும், மெலித்தா தீவில் பவுலின் கையைக் கவ்விய விரியனை அவர் தேடிப் போய் எடுக்கவில்லை, விறகிலிருந்து அது தானாக வந்தது என்று அப்போஸ்தலர் 28-இல் வருவதும் இதை விட வலுவான மறுப்பு என்பது என் கருத்து.

சட்டம் இதையெல்லாம் எப்படி அனுமதிக்கிறது?

பெரும்பாலான இடங்களில் அனுமதிக்கவில்லை. கூட்ஸ் வாழ்ந்த கென்டக்கியில், சமயக் கூட்டத்தில் எந்த ஊர்வனவற்றையும் காட்டவோ கையாளவோ கூடாது என்று 1940-இலேயே சட்டம் வந்துவிட்டது. அபராதம் 50 முதல் 100 டாலர் வரை. ஜார்ஜியா 1941-இல் மிகக் கடுமையான சட்டம் கொண்டுவந்தது. பாம்பைக் கையாண்டு யாராவது இறந்தால் காரணமானவருக்கு மரணதண்டனைகூட விதிக்க அதில் இடமிருந்தது. அது 1968-இல் நீக்கப்பட்டது. டென்னசி 1947-இல் தடைசெய்தது. 1975-இல் அந்த மாநிலத்தின் உச்ச நீதிமன்றம் தடையை உறுதிசெய்தது. மேற்கு வர்ஜீனியாவிலோ 1963-இல் கீழவையில் நிறைவேறிய மசோதா மேலவையைத் தாண்டவில்லை. ஆகவே அங்கே இன்றும் தடையில்லை.

நம்புவதற்கு முழுச் சுதந்திரம் உண்டு, நம்பிக்கையின் பெயரால் செய்யும் செயலை அரசு கட்டுப்படுத்தலாம் என்பதே நீதிமன்றங்களின் பொதுவான நிலை. ஆனால் உள்ளூர்க் காவலர்கள் கென்டக்கியின் அந்தச் சட்டத்தை அநேகமாகப் பயன்படுத்துவதே இல்லை. பக்கத்து வீட்டுக்காரரை ஜெபக்கூட்டத்தில் கைதுசெய்ய எந்தச் சிற்றூர்க் காவலருக்கும் மனம் வராது.

அப்படியானால் கூட்ஸ் ஏன் கைதானார்?

ஆராதனைக்காக அல்ல, வனவிலங்குச் சட்டத்தின் கீழ். 2008-இல் நச்சுப் பாம்புகளைச் சட்டவிரோதமாக வாங்கி விற்பவர்களைப் பிடிக்கக் கென்டக்கியில் நடந்த மறைமுக நடவடிக்கையில் அவர் வீட்டில் 74 பாம்புகள் கண்டெடுக்கப்பட்டன. 2013-இன் தொடக்கத்தில் அலபாமாவிலிருந்து ஐந்து பாம்புகளோடு டென்னசி வழியாக வண்டியில் வந்தபோது மீண்டும் பிடிபட்டு, குற்றத்தை ஒப்புக்கொண்டு, ஓராண்டு நன்னடத்தைக் காலத் தண்டனை பெற்றார். அதே ஆண்டு, தொடரில் அவரோடு வந்த இளம் போதகர் ஆண்ட்ரூ ஹாம்ப்ளினின் டென்னசி ஆலயத்தில் 53 பாம்புகள் பறிமுதல் செய்யப்பட்டன. ஆனால் 2014 ஜனவரியில் வழக்கைத் தொடரலாமா என்று முடிவுசெய்யும் பெருநடுவர் குழு அவர்மேல் குற்றஞ்சாட்ட மறுத்துவிட்டது.

மனைவியைப் பாம்பை விட்டுக் கொல்லப் பார்த்த பாஸ்டர் இவர்தானா?

இல்லை, இருவரையும் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். அவர் அலபாமாவின் ஸ்காட்ஸ்பரோவில் இருந்த க்ளென் சம்மர்ஃபோர்ட். மனைவியைக் கட்டாயப்படுத்திப் பாம்புப் பெட்டிக்குள் கைவிடச் செய்து கொல்ல முயன்றதாக 1992-இல் அவருக்கு 99 ஆண்டு சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது.

சின்னப் பிள்ளைகளையும் எடுக்க விடுகிறார்களா?

பெரும்பாலான சபைகளில் 18 வயது ஆகாதவர்கள் பாம்பை எடுக்க அனுமதியில்லை. கூட்டம் நடக்கும்போது பிள்ளைகளைப் பின்னால் தள்ளியே வைத்திருப்பார்கள். ஆனால் பாதிப்பு கடியால் மட்டும் வருவதில்லை. 1995-இல் கூட்ஸின் சபைக்கு டென்னசியிலிருந்து வந்திருந்த 28 வயதுப் பெண் ஒருவர், ஐந்து பிள்ளைகளின் தாய், ஆராதனையில் கடிபட்டு இரண்டு நாளில் கூட்ஸின் வீட்டிலேயே இறந்தார். மூன்று ஆண்டு கழித்து, போதகராக இருந்த அவருடைய கணவரும் அலபாமாவில் பிரசங்கித்துக்கொண்டிருக்கும்போதே பாம்பு கடித்து இறந்தார். ஐந்து பிள்ளைகளும் யாரிடம் வளர்வது என்று தாத்தா பாட்டிகள் நீதிமன்றத்தில் நின்றார்கள். தன் உயிரைத் தான் பணயம் வைக்கிற உரிமையைப் பற்றி எவ்வளவோ பேசலாம். இந்த ஐந்து பிள்ளைகளிடம் அந்தப் பேச்சு செல்லாது.

டிவி வந்ததால்தான் இவ்வளவு துணிந்தார்களோ? கேமராவுக்காகச் செய்தது மாதிரி இருக்கிறதே?

கேமரா வருவதற்கு முன்பே கூட்ஸ் விரலை இழந்திருந்தார் என்பதை மேலே எழுதியிருக்கிறேன். இந்தச் சபைகளைப் படம் பிடிப்பதும் புதிதன்று; மேற்கு வர்ஜீனியாவின் ஸ்க்ராபிள் க்ரீக் என்ற இடத்தில் ஓர் ஆராதனையை பீட்டர் அடேர் 1967-இல் கருப்பு வெள்ளையில் படமாக்கியிருக்கிறார். அதன் இறுதியிலும் போதகர் கடிபடுகிறார். கேமராவை அவர்கள் சுவிசேஷத்தைப் பரப்பும் வழியாகப் பார்த்தார்கள் என்பது சரி. கூட்ஸ் அப்படித்தான் தொலைக்காட்சிக்காரர்களை உள்ளே விட்டார்.

எனக்கு உறுத்துவது கேமராவின் மறுபக்கத்தில் நிற்பவருடைய நிலை. 2012 மே மாதத்தில் மேற்கு வர்ஜீனியாவில் மாக் வோல்ஃபோர்ட் என்ற போதகர் கடிபட்டு இறந்துகொண்டிருந்தபோது, ஒரு புகைப்படச் செய்தியாளர் அருகிலேயே இருந்து படம் எடுத்தார். வோல்ஃபோர்டின் தந்தையும் 1983-இல் இதே விதமாக இறந்தவர். உதவிக்கு அழைத்திருக்க வேண்டாமா என்று கேட்டவர்களுக்கு, அவருடைய விசுவாசத்தை மதித்ததாக அந்தச் செய்தியாளர் பின்னர் எழுதினார். அந்தப் பதில் என்னை முழுமையாகச் சமாதானப்படுத்தவில்லை. அந்த இடத்தில் நான் என்ன செய்திருப்பேன் என்பதும் எனக்குத் தெளிவாக இல்லை.

படிப்பில்லாத, புத்தி பேதலித்த ஆட்கள் என்று சொன்னால் தப்பா?

தப்புதான். 1960-களில் மேற்கு வர்ஜீனியாவில் சமூகவியலாளர் நேதன் ஜெரார்ட் பாம்பு எடுக்கும் சபையாரையும் அதே பகுதியின் வழக்கமான சபையாரையும் உளவியல் சோதனைக்கு உட்படுத்தி ஒப்பிட்டார். முதல் குழுவினரிடம் மனநோய் கூடுதலாக இருக்கவில்லை. கூட்ஸ் தம் சமய உரிமையை வாதிட்டு 2013-இல் வால் ஸ்ட்ரீட் ஜர்னல் நாளிதழில் தம் பெயரில் கட்டுரை வெளியிட்டவர். அவர்மேல் கோபப்படலாம், பரிதாபப்பட்டு ஒதுக்க முடியாது.

நம்ம ஊர் பெந்தெகொஸ்தே சபைகளிலும் இது இருக்கிறதா?

இல்லை. தமிழ்ப் பெந்தெகொஸ்தே சபைகளில் பாம்பு எடுக்கும் வழக்கம் கிடையாது. அமெரிக்காவிலேயே பெரிய பெந்தெகொஸ்தே அமைப்புகள் இதை ஏற்பதில்லை. ஓர் ஒற்றுமை மட்டும் உண்டு: ‘தெய்வீக சுகம்’ என்ற போதனையின்படி மருந்தே எடுக்காத ஊழியர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். மருத்துவமனைக்குப் போகாத கூட்ஸைப் பார்த்துச் சிரிக்கிற நம் விசுவாசிகளில் சிலர், தங்கள் சபை மூப்பர் மாத்திரையைத் தொடாமல் இறந்ததை மரியாதையோடு நினைவுகூர்வார்கள்.

அப்பா இறந்த பிறகு மகன் என்ன ஆனார்? அவரும் எடுக்கிறாரா?

தந்தையின் இடத்தில் மகன் போதகராக அமர்ந்து பாம்பு எடுப்பதைத் தொடர்ந்தார். 2018-இல் வேறொரு ஆவணப்படக் குழு அவரைப் படமெடுத்துக்கொண்டிருந்தபோது, ஒரு கிலுகிலுப்பைப் பாம்பு காதுக்கு மேலே கடித்தது. இரத்தம் சட்டையில் வழிய, தன்னை மலையுச்சிக்குக் கொண்டுபோகும்படி அவர் கேட்டார். பிழைப்பதோ சாவதோ அங்கே தேவசித்தப்படி ஆகட்டும் என்பது அவர் எண்ணம். உடனிருந்த நண்பர் வண்டியை மலைக்கு விடாமல் மருத்துவமனைக்கு விட்டார். மகன் பிழைத்துக்கொண்டார்.